வரைபலகையில் தொடங்கிய வரலாறு: எஸ்தர் மெக்காய் கண்ட கலிஃபோர்னியா

1944-இல் லாஸ் ஏஞ்சலஸ் பக்கம், கிங்ஸ் ரோட்டில் இருந்த ஒரு கான்கிரீட் வீட்டுக்கு வேலை கேட்டுப் போனார் ஒரு பெண். வயது 40. போர்க்காலத்தில் டக்ளஸ் விமானத் தொழிற்சாலையில் வரைவாளராக வேலை பார்த்தவர். கட்டடக்கலை படிக்க ஆசைப்பட்டுத் தென் கலிஃபோர்னியப் பல்கலைக்கழகத்தை அணுகியபோது, இந்த வயதில், அதுவும் ஒரு பெண்ணுக்கு, இதெல்லாம் சரிப்படாது என்று தட்டிக்கழித்துவிட்டார்கள். படிப்பு கிடைக்காவிட்டால் போகட்டும், வேலையாவது செய்து கற்றுக்கொள்வோம் என்று அந்த வீட்டுக்குப் போனார். அங்கே குடியிருந்து, அங்கேயே அலுவலகமும் நடத்திவந்த கட்டடக்கலைஞர் ருடால்ஃப் ஷிண்ட்லர் அவரைச் சேர்த்துக்கொண்டார். மூன்று வருடம் போல ஷிண்ட்லரின் பிளான்களை வரைந்தார் எஸ்தர் மெக்காய்.

கலிஃபோர்னியக் கட்டடக்கலையின் வரலாறு இன்று நமக்குத் தெரிகிற விதத்தில் எழுதப்பட்டதற்கு அந்த மூன்று வருடம் ஒரு பெரிய காரணம் என்று நான் நினைக்கிறேன். வரலாற்றாசிரியர்கள் பெரும்பாலும் முடிந்த கட்டடத்தைத்தான் பார்க்கிறார்கள். மெக்காய்க்கு வேறு வழி வாய்த்தது. இந்தச் சுவரின் கனம் ஏன் இவ்வளவு, இந்த ஜன்னல் ஏன் கூரையோடு ஒட்டி நிற்கிறது, எந்த இடத்தில் பணம் போதாமல் போனது என்பதெல்லாம் பென்சில் பிடித்த கைக்குத்தான் முதலில் தெரியும். அவர் எழுத்தில் 'பாணி' என்ற பேச்சு குறைவாகவும், கட்டிய விதம் பற்றிய பேச்சு அதிகமாகவும் இருப்பது அதனால்தான்.

அவர் கலிஃபோர்னியாவில் பிறந்தவர் அல்லர். 1904-இல் ஆர்கன்சா மாநிலத்தில் பிறந்து, கான்சாஸில் வளர்ந்து, நியூயார்க்கில் எழுத்தாளர் தியோடர் டிரைசருக்குத் தகவல் திரட்டிக் கொடுக்கும் வேலை பார்த்தவர். நிமோனியா வந்து உடம்பு தளர்ந்த பிறகு 1932-இல் வெயிலைத் தேடி மேற்கே வந்தார். சிறுகதைகள் எழுதினார். இடதுசாரிச் சார்பு உள்ளவர். ஏழைகளின் குடியிருப்புகளைப் பற்றியும் எழுதினார். சாண்டா மோனிகாவில் கடலோரமாக ஒரு சிறிய பங்களாவில் குடியேறி, 1989-இல் இறக்கும்வரை அங்கேயே இருந்தார். அந்தக் கடற்கரை வெளிச்சத்தில் அரை நூற்றாண்டுக்கு மேல் வாழ்ந்த ஒருவர் அந்த வெளிச்சத்துக்காகக் கட்டிய வீடுகளைப் பற்றி எழுதினார் என்பதையும் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அந்தக் காலத்தில் கலிஃபோர்னியாவின் 'வட்டாரக் கட்டடக்கலை' என்றால் யாரைக் கேட்டாலும் ஒரே படத்தைத்தான் காட்டுவார்கள்: சிவப்பு ஓடு, வெள்ளைப் பூச்சு, வளைவுகள், இரும்புக் கிராதி, மணிக்கூண்டு. ஸ்பானிஷ் பாதிரிமார்கள் 18-ஆம் நூற்றாண்டில் கட்டத் தொடங்கிய மிஷன்களின் நினைவு அது. உண்மையில் அந்த மிஷன்களில் பல 19-ஆம் நூற்றாண்டில் பாழடைந்து கிடந்தன. கிழக்கிலிருந்து ரயிலேறி வந்த புதுக்குடிகளுக்கு ஒரு பழைய காலம் தேவைப்பட்டது. மிஷன் அதைக் கொடுத்தது. 1915-இல் சான் டியேகோவில் நடந்த பெரும் கண்காட்சிக்கு பெர்ட்ரம் குட்ஹியூ என்ற நியூயார்க் கட்டடக்கலைஞர் மணிக்கூண்டும் சிற்ப வேலையுமாக ஒரு கற்பனை ஸ்பெயினையே எழுப்பிக் காட்டினார். 1925 நிலநடுக்கத்தில் சாண்டா பார்பரா நகரம் இடிந்தபோது, திரும்பக் கட்டுவதெல்லாம் அந்த ஸ்பானிஷ் சாயலில்தான் இருக்க வேண்டும் என்ற பிடிவாதம் எழுந்து, அந்த ஊர் இன்றுவரை அப்படியே நிற்கிறது. பார்க்க அழகான ஊர்தான். ஆனால் மண்ணும் மரமும் வெயிலும் அந்த ஓட்டுக்கூரைக்குக் கீழே என்ன கேட்டன என்பது வேறு கேள்வி.

மெக்காய் அந்தக் கேள்வியைப் பிடித்துக்கொண்டார். 1960-இல் வந்த அவருடைய 'ஐந்து கலிஃபோர்னியக் கட்டடக்கலைஞர்கள்' என்ற நூல் பெர்னார்ட் மேபெக், இர்விங் கில், சார்லஸ், ஹென்றி கிரீன் சகோதரர்கள், ஷிண்ட்லர் ஆகியோரைப் பற்றியது. (கிரீன் சகோதரர்கள் பற்றிய பகுதியை ராண்டல் மாக்கின்சன் எழுதினார்.) இன்று இந்தப் பெயர்களை உலகமெங்கும் மாணவர்கள் படிக்கிறார்கள். அப்போது நிலைமை அப்படி இல்லை. கில் இறந்து 24 வருடம் ஆகியிருந்தது. அவர் கட்டிய பல கட்டடங்கள் யார் கட்டியவை என்றே தெரியாமல் இருந்தன.

இர்விங் கில்லைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். மெக்காயின் வாதம் முழுவதும் அவர் மேல்தான் நிற்கிறது.

1870-இல் நியூயார்க் மாநிலத்தில் பிறந்தவர். கல்லூரிப் படிப்பு இல்லை. சிகாகோவில் அட்லர், சல்லிவன் என்ற கட்டடக்கலைஞர்களின் அலுவலகத்தில், பின்னாளில் பெரும்புகழ் பெற்ற கட்டடக்கலைஞர் ஃபிராங்க் லாய்ட் ரைட்டும் இளைஞராக அங்கே இருந்த காலத்தில், தொழில் கற்றார். உடல்நலம் கெட்டு 1893-இல் சான் டியேகோவுக்கு வந்தார். ஆண்டுக்கு 25 சென்டிமீட்டர் மழைகூடப் பல வருடங்களில் பெய்யாத கடற்கரை ஊர் அது. பனி கிடையாது. கூரை சரிவாக இருக்க வேண்டிய கட்டாயம் கிடையாது. அங்கே இடிந்துகிடந்த மிஷன்களை கில்லும் பார்த்தார். மற்றவர்கள் ஓட்டையும் மணிக்கூண்டையும் எடுத்துக்கொண்டார்கள். அவர் கனமான மண்சுவரை, வெறும் வளைவை, முற்றத்தை, சுவரில் விழும் நிழலை எடுத்துக்கொண்டு மற்றதையெல்லாம் விட்டுவிட்டார். நேர்கோடு, வளைவு, கனசதுரம், வட்டம் இவையே போதும் என்று 1916-இல் ஒரு கட்டுரையில் எழுதவும் செய்தார்.

வெளியே எப்படியோ, உள்ளே அதைவிடத் துணிச்சல். தூசி அடைகிற இடமே இருக்கக் கூடாது என்பது கில்லின் பிடிவாதம். சுவரும் தரையும் சேரும் மூலையை வளைத்துப் பூசினார், துடைப்பம் ஒரே வீச்சில் போகும்படி. கதவுக்குச் சட்டம், பட்டை, செதுக்கு எதுவும் இல்லை. ஒரே பலகையாக வழவழப்பான கதவு. சில வீடுகளில் தூசி உறிஞ்சும் குழாயைச் சுவருக்குள் ஓட்டி, அடித்தள உலைக்கே கொண்டுபோய் விட்டார். ஐஸ் பெட்டியை வீட்டுக்கு வெளியிலிருந்தே நிரப்ப வழி செய்தார். வீட்டு வேலையின் சுமையைக் குறைப்பது கட்டடக்கலையின் வேலை என்று நம்பிய ஆள். நாள் முழுவதும் வீடு பெருக்கித் துடைத்த யாருக்கும் அந்த வளைந்த மூலையின் அருமை உடனே புரியும். கட்டடக்கலை வரலாற்றில் இதற்கெல்லாம் இடம் உண்டு என்று காட்டியது மெக்காயின் புத்தகம்.

அப்புறம் அந்தச் சுவர்கள். ராணுவக் கட்டடங்களுக்காக ராபர்ட் எய்க்கன் உருவாக்கியிருந்த ஒரு முறையை 1912 வாக்கில் கில் விலைக்கு வாங்கினார். சாதாரணமாக கான்கிரீட் சுவர் என்றால் இரண்டு பக்கமும் பலகை அடித்து, நிற்கவைத்து, நடுவில் ஊற்ற வேண்டும். பலகைச் செலவே எக்கச்சக்கம். இந்த முறையில் சுவரைத் தரையோடு தரையாகப் படுக்கவைத்து வார்ப்பார்கள். எடை குறைய உள்ளே பொள்ளல் செங்கல். ஜன்னல், கதவுக்கான உலோகச் சட்டங்களும் படுத்த நிலையிலேயே பதிக்கப்படும். இறுகிய பிறகு முழுச் சுவரையும் எந்திரத்தால் அப்படியே தூக்கி நிறுத்துவார்கள். சான் டியேகோவைச் சேர்ந்த லா ஹோயாவில் 1914-இல் முடிந்த மகளிர் சங்கக் கட்டடத்தின் வளைவு வரிசை இப்படி எழுந்து நின்றதுதான். தொழிலாக அந்த எந்திரம் கில்லுக்குக் கைகொடுக்கவில்லை. ஆனால் கட்டடக்கலையில் அது ஒரு பெரிய தாவல்.

1910-இல் லாஸ் ஏஞ்சலஸ் அருகே சியரா மாட்ரேயில் எஃப்.பி. லூயிஸ் என்பவருக்காக, குறைந்த வருமானக்காரர்கள் வாடகைக்கு இருக்க ஒரு குடியிருப்பைக் கட்டினார் கில். வீடுகளை வரிசையாக அடுக்காமல் மனையின் ஓரமாக வைத்து, நடுவில் எல்லோருக்கும் பொதுவான தோட்டம் விட்டார். ஒவ்வொரு வீட்டுக்கும் தனியான தாழ்வாரமும் கொஞ்சம் நிலமும் உண்டு. கட்டி முடித்ததும் அது அவ்வளவு நன்றாக இருந்ததால், உரிமையாளர் வாடகையை ஏற்றிவிட்டார். யாருக்காகக் கட்டினாரோ அவர்களால் அங்கே குடியிருக்க முடியவில்லை. கில்லை இது மிகவும் வருத்தியது. மெக்காய் இதைச் சொல்லாமல் விடவில்லை. கட்டடத்தின் கதையில் வாடகையும் சேர்ந்ததுதான் என்று அவருக்குத் தெரியும்.

இனி கிங்ஸ் ரோட்டு வீட்டுக்குத் திரும்பலாம். ஷிண்ட்லர் வியன்னாக்காரர், 1887-இல் பிறந்தவர். சிகாகோ வந்து, ரைட்டிடம் சேர்ந்து, ரைட்டின் ஒரு கட்டடத்தைப் பார்த்துக்கொள்ள 1920-இல் லாஸ் ஏஞ்சலஸ் அனுப்பப்பட்டவர். 1922-இல் அவரும் மனைவி பாலினும், கிளைட் சேஸ், மரியன் சேஸ் என்ற தம்பதியும் சேர்ந்து அந்த வீட்டைக் கட்டினார்கள். கிளைட் சேஸ் கில்லிடம் வேலை பார்த்த கட்டுநர். அதனால் படுக்கவைத்து வார்க்கும் அதே வித்தை இங்கேயும் வந்தது. எந்திரம் இல்லாமல், கப்பியும் கயிறுமாக, கையாலேயே தூக்கும்படி சிறிய துண்டுகளாக. ஒவ்வொரு துண்டும் சுமார் 4 அடி அகலம், அடியில் கனமாகவும் மேலே போகப் போக மெலிந்தும் இருக்கும். இரண்டு துண்டுக்கு நடுவே 3 அங்குல இடைவெளி விட்டு, அதில் கண்ணாடி. கான்கிரீட் சுவரில் உச்சி முதல் அடிவரை மெல்லிய வெளிச்சக் கோடுகள். எதிர்ப்பக்கம் ரெட்வுட் மரச் சட்டத்தில் தோட்டத்தைப் பார்த்துத் திறக்கும் நகர்த்து கதவுகள். கணவன் மனைவி என்றில்லாமல் ஆளுக்கு ஓர் அறை. நான்கு பேருக்கும் பொதுவாக ஒரே சமையலறை. தூங்குவதற்கு மொட்டைமாடியில் கூடாரம் மாதிரி ஓர் அமைப்பு. படுக்கையறை என்று தனியாக எதுவும் கிடையாது. குளிர்கால ராத்திரிகளில் அது எவ்வளவு சிரமமாக இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்க்கலாம். இருந்தாலும், இந்த ஊரில் வெளியும் வீடும் ஒன்றுதான் என்பதை இவ்வளவு தெளிவாகச் சொன்ன வீடு அதற்கு முன் இல்லை.

மெக்காய் வேலைக்குச் சேர்ந்தது அந்த வீட்டில். அந்தக் கண்ணாடிக் கோடுகளில் வெளிச்சம் நகர்வதை அவர் தினமும் பார்த்திருப்பார். ஷிண்ட்லரைப் பற்றி 1945-இலேயே ஒரு கட்டுரை எழுதிவிட்டார். அவருடைய முதல் கட்டடக்கலைக் கட்டுரை அதுதான்.

கில்லிடமிருந்து கிளைட் சேஸ், சேஸிடமிருந்து ஷிண்ட்லர்: ஒரு நுட்பம் ஆளிலிருந்து ஆளுக்கு, மேஸ்திரி கையிலிருந்து மேஸ்திரி கைக்கு, ஒரே நிலப்பரப்புக்குள் கடந்து போகிறது. எனக்கு இந்த இழைதான் மெக்காயின் உழைப்பில் மிக முக்கியமானது. அன்றைக்குச் சொல்லப்பட்ட கதை வேறு. 1932-இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் நடத்திய புகழ்பெற்ற கண்காட்சி, நவீனக் கட்டடக்கலையை ஐரோப்பாவில் பிறந்து உலகமெங்கும் பரவும் ஒரு 'சர்வதேசப் பாணி'யாக முன்வைத்தது. கலிஃபோர்னியாவிலிருந்து கட்டடக்கலைஞர் ரிச்சர்ட் நாய்ட்ரா அதில் இருந்தார். 1926-இலேயே நியூபோர்ட் கடற்கரையில் லவெல் குடும்பத்துக்குக் கான்கிரீட் சட்டங்களின் மேல் வீட்டைத் தூக்கி நிறுத்தியிருந்த ஷிண்ட்லருக்கு இடமில்லை. கில்லும் கணக்கில் வரவில்லை. அப்போது கில் உயிரோடுதான் இருந்தார். நான்கு வருடம் கழித்து, 1936-இல், ஏறக்குறைய எல்லோரும் மறந்த நிலையில் இறந்தார். கில் வெள்ளையான, அலங்காரமில்லாத பெட்டி வடிவங்களைக் கட்டியபோது ஐரோப்பாவின் பெயர்பெற்ற நவீனர்கள் பலர் இன்னும் மாணவப் பருவத்தைத் தாண்டியிருக்கவில்லை. ஆகவே அவற்றைப் பிற்கால ஐரோப்பியப் பாணியின் நகல் என்று சொல்ல வழியே இல்லை. மழையில்லாத ஊர், மண்சுவரின் நினைவு, தூசியின் மேல் ஒரு வெறுப்பு, விலை குறைந்த ஒரு முறையைத் தேடிய அலைச்சல்: இவற்றிலிருந்து முளைத்தவை அவை.

இந்தச் சண்டை வெளிப்படையாகவும் நடந்தது. 1947-இல் கட்டடக்கலை விமர்சகர் லூயிஸ் மம்ஃபோர்ட், சான் பிரான்சிஸ்கோ விரிகுடாப் பகுதி வீடுகளை நவீனத்தின் உள்ளூர் வடிவம் என்று பாராட்டி எழுதினார். அடுத்த வருடமே அதே நியூயார்க் அருங்காட்சியகத்தில் அதைப் பற்றிக் காரசாரமான கருத்தரங்கு. மெக்காய் இந்த வாதங்களில் கோட்பாட்டோடு குதிக்கவில்லை. கட்டடங்களைத் தேடிப் போனார், உயிரோடு இருந்தவர்களைப் பேட்டி எடுத்தார், வரைபடங்களைச் சேர்த்தார், 1958-இல் லாஸ் ஏஞ்சலஸ் அருங்காட்சியகத்தில் கில்லுக்கு ஒரு கண்காட்சி நடக்க உழைத்தார்.

மேபெக்கும் கிரீன் சகோதரர்களும் இந்தக் கதையில் மரத்தின் பக்கம். 1910-இல் பெர்க்லியில் மேபெக் கட்டிய கிறிஸ்தவத் தேவாலயத்தில் ரெட்வுட் உத்தரங்களுக்குப் பக்கத்தில் தொழிற்சாலைகளுக்கான இரும்பு ஜன்னல்களையும் ஆஸ்பெஸ்டாஸ் தகடுகளையும் பார்க்கலாம். பழமைக்கும் புதுமைக்கும் நடுவே கோடு போடாத மனிதர் அவர். பாசடீனாவில் 1908-இல் கிரீன் சகோதரர்கள் கேம்பிள் குடும்பத்துக்குக் கட்டிய வீட்டில் தேக்கு மரத்தின் மூட்டுகள் கைபட்டு வழவழவென்று உருண்டிருக்கும், கருங்காலி முளைகள் வெளியே தெரியும்படி நிற்கும்; நீண்டு நீளும் இறவாரம் வெயிலைத் தடுத்து நிறுத்தும். பணக்கார வீடு, கடைசி முளைவரை கைவேலை. கில்லின் வெறுமைக்கும் இதற்கும் பார்வைக்கு ஒரு தொடர்பும் இல்லை. மெக்காய் இவர்களை ஒரே நூலில் வைத்ததன் பொருளே அதுதான்: ஒரே வட்டாரம் ஒரே முகத்தோடு இருக்க வேண்டியதில்லை.

ஹார்வெல் ஹாமில்டன் ஹாரிஸ் என்ற கலிஃபோர்னியக் கட்டடக்கலைஞர் 1954-இல் ஒரு பேச்சில் வட்டாரத்தன்மையை இரண்டாகப் பிரித்தார்: கட்டிப்போடும் வட்டாரத்தன்மை, விடுவிக்கும் வட்டாரத்தன்மை. முன்னது தன் பழைய முகத்தையே கண்ணாடியில் பார்த்துக்கொண்டிருக்கும். பின்னது தன் காலத்தின் எண்ணங்களுக்கு இந்த இடத்தில் என்ன வழி என்று தேடும். சாண்டா பார்பராவையும் கிங்ஸ் ரோட்டையும் பக்கத்தில் வைத்தால் அவர் சொன்னது விளங்கும். இந்த ஹாரிஸைப் பற்றியும், ஜே.ஆர். டேவிட்சன், கிரெகரி ஐன், ரஃபேல் சோரியானோ ஆகியோரைப் பற்றியும் மெக்காய் 1984-இல் 'இரண்டாம் தலைமுறை' என்ற நூலை எழுதினார். அப்போது அவருக்கு வயது 80.

இவர்களில் ஐனின் கதை, வட்டாரம் என்பது வெயிலும் மண்ணும் மட்டும் அல்ல என்று காட்டுகிறது. போருக்குப் பின் லாஸ் ஏஞ்சலஸின் ரெசீடா பகுதியில் 280 வீடுகள் கொண்ட ஒரு கூட்டுறவுக் குடியிருப்பை அவர் திட்டமிட்டார். எல்லா இனத்தவரும் சேர்ந்து வாழலாம் என்பது அந்தக் கூட்டுறவின் கொள்கை. இன வேறுபாடு காட்டும் நிபந்தனையைப் பத்திரத்தில் சேர்க்காவிட்டால் கடனுக்கு உத்தரவாதம் தர முடியாது என்று அரசின் வீட்டுக்கடன் அமைப்பு மறுத்தது. உறுப்பினர்கள் இணங்கவில்லை; திட்டம் காகிதத்திலேயே நின்றுவிட்டது. அதே நகரின் மார் விஸ்டாவில் 1948-இல் ஐன் கட்டிய 52 வீடுகள் நிற்கின்றன. நகர்த்தக்கூடிய உள்சுவர்கள், வேலி இல்லாமல் ஒன்றோடு ஒன்று சேர்ந்து ஓடும் முன்தோட்டங்கள். ரெசீடாவில் எதுவும் இல்லை. கட்டப்படாத கட்டடங்களும் ஒரு வட்டாரத்தின் வரலாற்றில் சேர்த்திதான்.

மெக்காயின் வேலையில் குறை இல்லாமல் இல்லை. அவர் நூல்களின் நாயகர்கள் எல்லோரும் ஆண்கள். பெண் என்பதால் திருப்பி அனுப்பப்பட்டவர் எழுதிய வரலாற்றில் பெண் கட்டடக்கலைஞர் எவருக்கும் ஓர் அத்தியாயம் கிடைக்கவில்லை என்பது உறுத்தத்தான் செய்கிறது. மிஷன் சுவர்களை மண் குழைத்து எழுப்பிய பூர்வகுடி மக்களின் கைகள் அந்தக் கதையில் சரியாகத் தெரிவதில்லை. தனி வீடுகளின் மேல்தான் அதிக வெளிச்சம். ஆனால் அவர் தொடங்கும்போது கையில் நூலகமோ, ஆவணக் காப்பகமோ, சம்பளமோ இல்லை. பின்னால் வந்தவர்கள் குறைகளைத் திருத்த ஒரு வரைபடம் இருந்தது என்றால் அது அவர் போட்டது. லாஸ் ஏஞ்சலஸைப் பற்றி எழுதிய ஆங்கிலேய வரலாற்றாசிரியர் ரேய்னர் பேன்ஹம் அவரை எங்கள் எல்லோருக்கும் தாய் என்று சொன்னதில் மிகை இல்லை.

எழுதினால் கட்டடம் பிழைத்துவிடும் என்று சொல்ல முடியாது. 1916-இல் கில் முடித்த டாட்ஜ் வீடு அதே கிங்ஸ் ரோட்டில், ஷிண்ட்லர் வீட்டிலிருந்து கூப்பிடு தூரத்தில் இருந்தது. களைத்த பாதங்களுக்கான ஒரு மருந்து விற்றுப் பணம் சேர்த்த வால்டர் டாட்ஜுக்காகக் கட்டியது. கில்லின் மிகச் சிறந்த வீடு இதுதான் என்பது மெக்காயின் கணிப்பு. பிற்பாடு பள்ளி நிர்வாகத்தின் கைக்குப் போய், நிலத்தின் விலை ஏறியதும் வீடு சுமையாகிவிட்டது. அதைக் காப்பாற்ற மெக்காய் வருடக்கணக்கில் போராடினார். கடிதம் எழுதினார், ஆட்களைத் திரட்டினார், 1965-இல் அந்த வீட்டைப் பற்றி ஓர் ஆவணப்படமே எடுத்தார். 1970 பிப்ரவரியில் இடித்துவிட்டார்கள். அந்த இடத்தில் அடுக்குமாடிக் குடியிருப்பு வந்தது.

ஷிண்ட்லர் வீடு தப்பியது. பாலின் ஷிண்ட்லர் 1977-இல் இறக்கும்வரை அங்கே வாழ்ந்தார். பிறகு அதைக் காக்கவென்றே அமைந்த ஒரு நண்பர் குழுவின் கைக்கு வந்தது. 2011-இல் எஸ்தர் மெக்காயைப் பற்றிய முதல் பெரிய கண்காட்சி அந்த வீட்டிலேயே நடந்தது. 1944-இல் அவர் வேலை கேட்டு நுழைந்த அதே அறைகளில், அவர் தட்டச்சு செய்த பக்கங்களும் எடுத்த குறிப்புகளும் பார்வைக்கு வைக்கப்பட்டிருந்தன. டாட்ஜ் வீட்டின் அறைகளைப் பார்க்க வேண்டுமென்றால் இன்று மிஞ்சியிருப்பது பழைய புகைப்படங்களும், அவர் எடுத்த அந்த ஆவணப்படமும்.